ஐஸ்பெட்டியின் சுருதி

அக்டோபர் 14, செவ்வாய்
இனி ஒரு பிரேம்கூட மாறாது என்று இயக்குநர் தங்கச்சி மூன்றாம் முறையாகச் சொல்கிறாள். ஆவணப்படம் 52 நிமிடம். 22 நிமிடத்துக்கு இசை வேண்டுமாம். எனக்கு 9 போதும்.

அம்மாவுக்குக் காய்ச்சல் இறங்கவில்லை.

அக்டோபர் 15, புதன்
ரவாங் ஊர்ப் பாட்டி பாடும் இடத்தில் பின்னால் ஓர் இரைச்சல். அடுப்படி ஐஸ்பெட்டி. படம்பிடிக்குமுன் அதை அணைத்துவிட்டு, கார் சாவியை உள்ளே வைப்பார்கள். கிளம்பும்போது மறக்காமல் திரும்பப் போட. யாரும் செய்யவில்லை. ஒலிப்பதிவுத் தம்பியிடம் கத்திவிட்டேன்.

அக்டோபர் 16, வியாழன்
ரத்தப் பரிசோதனை முடிவு நாளைக்காம்.

அக்டோபர் 17, வெள்ளி
விடிகாலை மூன்று மணி. பாட்டியின் ஷட்ஜம், அந்த 'ஸ', கீபோர்டில் எங்கேயும் உட்காரவில்லை. 196 ஹெர்ட்ஸுக்கு மேல், 208க்குக் கீழ். அளந்து பார்த்தேன்: 200. அப்போதுதான் உறைத்தது. நம் மலேசிய மின்சாரம் 50 ஹெர்ட்ஸ். பெட்டியின் முனகல் அதன் இரு மடங்கான 100இல், அதன் மேல் 200இல். பாட்டி ஐஸ்பெட்டியிடம் சுருதி வாங்கியிருக்கிறார்!

1943இல் பாட்டியின் அப்பாவை ஜப்பான்காரர்களின் சயாம் ரயில் போட கித்தா (ரப்பர்) தோட்டத்து லயத்திலிருந்து கூட்டிப்போனபோது பாட்டிக்கு ஐந்து வயது. 415 கிலோமீட்டர் தண்டவாளம். அப்பா திரும்பவில்லை. பிறகு பாட்டியின் அம்மா பாடிய தாலாட்டு இது. இரண்டாவது அடியில் 'டக்' என்று பெட்டி நிற்கிறது. குரல் தொய்கிறது, நின்றேவிடுகிறது. 11 வினாடி. கேமரா அவர் கைகளைப் பார்க்கிறது. அங்கேதான் தங்கச்சி தற்காலிகமாக ஒரு பியானோவைப் போட்டு வைத்திருக்கிறாள்.

தம்பூரா அறுந்த இடத்தில் பியானோவா?

இரைச்சலை எடுக்க வேண்டாம் என்று தம்பிக்குச் செய்தி அனுப்பினேன். மன்னிப்பும் கேட்டேன்.

அக்டோபர் 18, சனி
"அண்ணே, பதினோரு வினாடி சும்மா விட்டா டிவி கெட்டுப்போச்சுன்னு நெனப்பாங்க."
"நெனைக்கட்டும்மா."
ஒரு மணி நேரம் பேசினோம். சம்மதித்த மாதிரிதான் இருந்தது.

வயலின்காரர் கிள்ளானிலிருந்து வந்தார். பாட்டியின் 200க்குப் பொருந்த வயலினை 35 சென்ட், அதாவது அரைச்சுரத்தில் ஏறக்குறைய மூன்றில் ஒரு பங்கு, ஏற்றிக் கட்டச் சொன்னேன். ஏன் என்று கேட்காமல் கட்டினார். பாட்டி பேசும் இடங்களில் வயலினை நிறுத்திவிட்டேன். அவர் குரலும் அதுவும் ஒரே உயரம், சொல்லைத் தின்றுவிடும்.

அக்டோபர் 20, தீபாவளி
பிரிக்பீல்ட்ஸ் முழுக்க வெடி. பதிவு இல்லை. வார்டில் அம்மா முறுக்கு கேட்டாள். அரை முறுக்கு சாப்பிட்டாள்!

அக்டோபர் 21, செவ்வாய்
வார்டு ஐஸ்பெட்டியும் அதே சுருதி. நாடு முழுக்க அப்படித்தான் இருக்கும். இரவெல்லாம் கேட்டுக்கொண்டே உட்கார்ந்திருந்தேன்.

அக்டோபர் 23, வியாழன்
13 நிமிட இசை அனுப்பினேன். மதியம் புதிய வெட்டு வந்தது. அந்த 11 வினாடியில் 14 பிரேம் இல்லை. அரை வினாடிக்கும் மேலே. பாட்டியின் கட்டைவிரல் அசைவது அதில்தான் இருந்தது. திரும்ப வைக்கச் சொல்லி எழுதினேன். பதில் இல்லை.

நாலு மணிக்கு டாக்டர் வரச் சொல்லியிருக்கிறார்.