பதின்மூன்றாம் பிள்ளை

எங்கள் கல்லூரிப் பழைய மாணவர் சங்க மலருக்கு ஏதாவது எழுதித் தாருங்கோ என்று செயலாளர் கேட்டார். முதலாம் பிள்ளையாக வந்து டொக்டர், எஞ்சினியர் ஆனவர்களைப் பற்றி எழுத ஆட்கள் நிறைய இருக்கிறார்கள். நான் எழுதப்போவது வகுப்பில் 13 பேரில் 13ஆம் பிள்ளையாக வந்தவரைப் பற்றி. எங்கள் கல்லூரியில் அல்ல, பெர்லினில், 1912இல். பெயர் கொன்ராட் ஃபைட், ஜெர்மன் நடிகர்.

ஆனால் அவரை எனக்கு அறிமுகப்படுத்தியது எங்கள் கல்லூரி மண்டபம்தான். எழுபதுகளில் ஒருமுறை யன்னல்களுக்குக் கறுப்புத் துணி கட்டி, 1940இல் வந்த ‘பாக்தாத் திருடன்’ படம் போட்டார்கள். திருடனாக நடித்த சாபு, மைசூர்ப் பக்கத்து யானைப்பாகனின் மகன். பொடியள் எல்லாரும் அவனுக்குத்தான் விசிலடித்தோம். நாடக மாஸ்டர் மட்டும், “வில்லன்ரை கண்ணைப் பாருங்கோடா” என்றார். அடுத்த ஒத்திகையில் அரச வேடம் போட்ட என்னை இமை வெட்டாமல் நிற்கச் சொன்னார். “வசனம் நான் தாறன், கண்ணை நீதான் கொண்டு வரோணும்.” கண்ணீர் வடிந்ததுதான் மிச்சம்.

லண்டனுக்கு வந்த பிறகுதான் அந்த வில்லனின் பழைய படங்களைத் தேடிப் பார்த்தேன். பெர்லினில் மாக்ஸ் ரைன்ஹார்ட்டின் நாடகக் குழுவில் சின்ன வேடங்களில் தொடங்கியவர். முதலாம் உலகப் போரில் கிழக்கு முனைக்குப் போய், நோய்ப்பட்டு, படையினருக்கான நாடகக் குழுவில் சேர்ந்து, மீண்டும் பெர்லின் மேடைக்கே வந்தார்.

1920இல் வந்த ‘டாக்டர் கலிகாரி’ படம்தான் அவரை உலகம் அறியச் செய்தது. தூக்கத்திலேயே நடமாடும் சேசாரே என்ற பாத்திரம். சவப்பெட்டி மாதிரி ஒரு பெட்டியைத் திறக்கிறார்கள். வெள்ளை பூசிய முகம், மையப்பிய கண்குழி. முதலில் முகத்தில் ஒரு துடிப்பு, பிறகு மெல்ல மெல்ல இமை விரிகிறது. விரிந்த கண் மூடவேயில்லை. மாஸ்டர் என்னிடம் கேட்டது இதைத்தான்! கோணல்மாணலாகத் தீட்டிய சுவரோடு ஒட்டி ஊர்ந்து போகும்போது, ஆளும் அந்தச் சித்திரத்தில் ஒரு கோடாகிவிடுகிறார்.

மறுவருடம் ‘இந்தியக் கல்லறை’யில் மகாராஜா ஆனார். அரண்மனையைப் பெர்லினுக்குப் பக்கத்தில் வோல்டர்ஸ்டோர்ஃபில் கட்டினார்கள். எங்கள் கண்ணுக்கு அந்த இந்தியா கொஞ்சம் சிரிப்புத்தான். பிறகு ஹாலிவுட். 1928இல் ‘சிரிக்கும் மனிதன்’. அந்த உறைந்த இளிப்பிலிருந்துதான் பின்னாளில் பேட்மேன் கதையின் ஜோக்கர் பிறந்தான். பேசும் படம் வந்ததும் ஜெர்மனிக்கே திரும்பினார்.

1933இல் நாஜிகள் ஆட்சிக்கு வந்து, திரைத்துறையினரிடம் இனம் கேட்டுப் படிவம் நீட்டினார்கள். ஃபைட் யூதர் அல்லர். மனைவி லில்லி யூதர். படிவத்தில் தன்னையும் யூதர் என்றே எழுதிக் கொடுத்துவிட்டு, அவருடன் இங்கிலாந்துக்கு வந்து, பின்னர் பிரித்தானியக் குடியுரிமையும் பெற்றார். திரும்பவும் ஹாலிவுட் போனபோது கிடைத்தது பெரும்பாலும் நாஜி வேடம். ‘காசாபிளாங்கா’வின் மேஜர் ஸ்ட்ராசர் அவர்தான். 1943 ஏப்ரலில் லாஸ் ஏஞ்சல்சில் கோல்ஃப் விளையாடிக்கொண்டிருந்தபோது மாரடைப்பு. வயது 50.

அவருடைய அஸ்தி 1998இல் லண்டன் கோல்டர்ஸ் கிரீன் தகனசாலைக்கு வந்து சேர்ந்தது. செத்த வீடுகளுக்காக எங்கள் ஆட்கள் போய்வரும் அதே இடம்தான்.

கலைவிழாக் குழுவினருக்கு ஒரு விண்ணப்பம்: வருகிற வருடம் சினிமாப் பாட்டு நடனங்களில் நாலைந்தைக் குறைத்துவிட்டு ‘கலிகாரி’யைப் போடுங்கோ. ஒன்றேகால் மணித்தியாலம்தான். மௌனப்படம் என்பதால் மண்டபத்தில் கதைத்துக்கொண்டிருப்பவர்களாலும் பெரிய கரைச்சல் இல்லை.