எழுதினதை வாசி

கணக்கு சார் காலமானார் என்று நம் முன்னாள் மாணவர் சங்கக் குழுவில் செய்தி வந்த இரவு, அவர் எனக்கு எழுதிய கடிதத்தைத் தேடி எடுத்தேன். அவர் எழுதியது அந்த ஒரே கடிதம்தான். பதினோரு வருடமாகப் பழைய சான்றிதழ்களுக்கு நடுவே கிடந்தது. நான் அதற்குப் பதில் எழுதவே இல்லை. சங்க மலருக்கு ஏதாவது எழுதித் தாருங்கள் என்று செயலாளர் கேட்டபோது, வேறு எதையும் எழுத மனம் வரவில்லை.

எட்டாம் வகுப்பு, மூன்றாவது பாடவேளை. திருத்திய விடைத்தாள் கட்டோடு சார் உள்ளே வந்தால் வகுப்பு எப்படி அடங்கும் என்பதை நம்மவர்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. அன்று கட்டின் மேலே இருந்தது என் தாள். முழு மதிப்பெண் வாங்கியவன் தாள்தான் மேலே இருக்கும் என்ற நம்பிக்கையில் எழுந்து போனேன்.

ஒரு எண்ணை இரண்டால் பெருக்கி மூன்றைக் கூட்டினால் பதினொன்று வருகிறது, அந்த எண் எது என்பது கேள்வி. நான் எழுதியிருந்தது இவ்வளவுதான்:

11 − 3 = 8 ÷ 2 = 4

விடை சரி. மதிப்பெண் பூஜ்யம்.

"பலகையில எழுது" என்றார். எழுதினேன். "இப்போ எழுதினதை வாசி."

"பதினொன்றில் மூன்று போனால் எட்டு, எட்டை இரண்டால் வகுத்தால் நாலு, சார்."

"அது நீ நினைச்சது. எழுதினதை வாசி."

மறுபடியும் அதையேதான் சொன்னேன். மூன்றாவது தடவை அவர் பக்கத்தில் வந்து, ஒவ்வொரு குறியின் கீழேயும் விரலை வைத்துக்கொண்டே போனார். விரலோடு சேர்ந்து என் வாயும் போனது. பதினொன்றில் மூன்று போனால் வருவதும், எட்டை இரண்டால் வகுத்தால் வருவதும் சமம். அதுவும் நாலும் சமம். "அப்போ பதினொன்றில் மூணு போனா எவ்வளவு?" என்று கேட்டார். "நாலு" என்றேன். வகுப்பு முழுக்கச் சிரித்தது. மணி அடிக்கிற வரைக்கும் பலகைக்குப் பக்கத்திலேயே நின்றேன். வேர்வையில் சுண்ணக்கட்டி கைக்குள் குழைந்து போயிருந்தது. அந்த வருடம் முழுவதும் அவரை வெறுத்தேன். இதை இன்று எழுதும்போதும் முகம் சூடாகிறது.

அன்று அவர் என்னைத் திட்டவில்லை. சமக்குறியின் கதையைத்தான் சொன்னார். 1557இல் ராபர்ட் ரெக்கார்ட் என்ற வேல்ஸ் நாட்டு மருத்துவர் ஒரு கணிதப் புத்தகம் எழுதினார். 'இதுவும் அதுவும் சமம்' என்று திரும்பத் திரும்ப எழுதிச் சலித்துப்போனவர், ஒரே நீளத்தில் இரண்டு இணைகோடுகள் போட்டார். அவற்றைவிடச் சமமான இரண்டு பொருள்கள் இருக்க முடியாது என்பது அவர் சொன்ன காரணம். "அந்த ரெண்டு கோட்டைப் போட்டா நீ ஒரு வாக்குக் கொடுக்கிறே" என்றார் சார்.

பிறகு வந்த வாரங்களில், பாடம் முடிந்து மிச்சமாகும் ஐந்து நிமிடத்தில் இப்படி ஏதாவது கேட்பார். "மரம் உயரமானது. மரம் மூன்றெழுத்து. எந்த மரம் மூன்றெழுத்து?" நாங்கள் விழிப்போம். தொல்காப்பியத்தை அவர்தான் எடுத்துச் சொன்னார்: 'பொருண்மை தெரிதலும் சொன்மை தெரிதலும் சொல்லின் ஆகும்.' சொல் சில சமயம் பொருளைக் காட்டும், சில சமயம் தன்னையே காட்டும். கணினி நிரல் எழுதும்போது ஒரு சொல்லுக்கு மேற்கோள்குறி போட்டால் அது வெறும் எழுத்துக் கோவை, போடாவிட்டால் அது ஒரு மதிப்பின் பெயர் என்று பின்னாளில் படித்தபோது, எனக்கு அது புதிதாகவே இல்லை. 4 = 4 என்பதில் செய்தி எதுவும் இல்லை, 8 ÷ 2 = 4 என்பதில் மட்டும் எப்படிச் செய்தி வந்தது என்றும் ஒருநாள் கேட்டார். 1892இல் ஜெர்மன் தத்துவவாதி ஃபிரேகெ ஏறக்குறைய இதே கேள்வியை வைத்துத்தான் சொல்லின் பொருளையும் அது சுட்டும் பொருளையும் பிரித்தார் என்று எனக்குத் தெரிய இன்னும் பதினைந்து வருடம் ஆனது.

வகுப்புத் தலைவனாக ஒரு மழைநாளில் நான் போய், "சார், எல்லாரும் வரலை" என்றேன். "யாருமே வரலையா, சில பேர் வரலையா?" என்று கேட்டார். எனக்குச் சுருக்கென்றது. நம் மொழியில் அந்த ஒரே வாக்கியம் இரண்டையும் சொல்லும். தர்க்கத்தில் அப்படி விட முடியாது. 'எல்லாம்' என்பதற்கு ஆங்கில ஏ எழுத்தைத் தலைகீழாகப் போடும் வழக்கத்தை 1935இல் கென்ட்சன் என்ற ஜெர்மன் தர்க்கவியலாளர் கொண்டுவந்தார். 'இல்லை' என்ற குறியை அதற்கு முன்னால் போட்டால் சிலராவது வரவில்லை, பின்னால் போட்டால் ஒருவரும் வரவில்லை. சார் குறி எதுவும் போடவில்லை. கேள்வி மட்டும் கேட்டார், அது போதுமாக இருந்தது.

இருபத்திரண்டு வயதில் ஊரைவிட்டுக் கிளம்பி வந்தேன். முதல் வேலையில், நிலுவை பூஜ்யமா என்று பார்க்க வேண்டிய ஒரு வரியை சி என்ற நிரல்மொழியில் எழுதினேன். இரண்டு சமக்குறி போட வேண்டிய இடத்தில் ஒன்றுதான் போட்டிருந்தேன். இயந்திரம் தடுக்கவில்லை. சோதனைக் கணக்குகளில் நிலுவைகள் எல்லாம் அழிந்துகொண்டே இருந்தன. மூன்று இரவு தேடினேன். கடைசியில் யாரும் இல்லாத அறையில், திரையில் விரலை வைத்துச் சத்தமாக வாசித்தேன். நான் நினைத்தது 'நிலுவை பூஜ்யமா?' எழுதியிருந்தது 'நிலுவை பூஜ்யம் ஆகட்டும்.' நினைத்தது வினா, எழுதியது ஏவல். கணக்கு நோட்டில் அதே குறி கூற்று. ஒரே குறி இடத்துக்கு இடம் வேறு விதமாகப் பேசுகிறது. அன்றிரவே சாருக்கு எழுதியிருக்க வேண்டும்.

அவர்தான் முதலில் எழுதினார். "தம்பி, பேத்தியின் கம்ப்யூட்டர் நோட்டில் அ = அ + 1 என்று பார்த்தேன். எந்த எண்ணும் தன்னைவிட ஒன்று கூடுதலாக இருக்காது. இதை எழுதியவர்கள் எழுதினதை வாசிக்கவில்லையா? நேரம் கிடைக்கும்போது விளக்கி எழுது." முத்து முத்தான அதே கையெழுத்து, வரி மட்டும் கொஞ்சம் சாய்ந்திருந்தது. நன்றாக எழுத வேண்டும், அவருக்குப் பிடிக்கிற மாதிரி எழுத வேண்டும் என்று தள்ளிப்போட்டேன். அதற்கப்புறம் மூன்று தடவை ஊருக்கு வந்தேன். மூன்று தடவையும், அடுத்த முறை நிதானமாகப் போய்ப் பார்க்கலாம் என்று திரும்பிவிட்டேன். இங்கே எனக்கு எல்லாம் கிடைத்தது. என்னை நிறுத்தி வாசிக்கச் சொல்ல ஆள் கிடைக்கவில்லை.

சார், பதில் இதுதான். அந்த வரியில் வருவது இரண்டு அ. வலப்பக்கம் இருப்பது பழைய அ, இடப்பக்கம் இருப்பது புதிய அ. பழையதில் ஒன்றைக் கூட்டிப் புதியதாக வைத்துக்கொள் என்கிற ஏவல் அது. 1957இல் வந்த ஃபோர்ட்ரான் என்ற நிரல்மொழி இதற்குச் சமக்குறியையே எடுத்துக்கொண்டது. அல்கால் மொழிக்காரர்கள் உங்களைப் போன்றவர்கள், முன்னால் ஒரு முக்காற்புள்ளி சேர்த்து வேறு குறியாக்கினார்கள். கென் தாம்சன் பி மொழியில் அதை மறுபடி ஒற்றைச் சமக்குறி ஆக்கினார், சி அதை அப்படியே எடுத்துக்கொண்டது. உங்களுக்குப் பிடிக்கப்போகிற பகுதி இனிமேல்தான். 1969இல் டோனி ஹோர் என்ற கணினி அறிஞர் இந்த ஏவலுக்கு ஒரு விதி தந்தார். இந்த வரி முடிந்ததும் அ ஐந்தாக இருக்க வேண்டும் என்றால், அ என்று இருக்கும் இடத்தில் அ + 1 என்று போட்டுப் பாருங்கள். அ + 1 = 5. அதாவது முன்பு அ நாலாக இருந்திருக்க வேண்டும். இந்தச் சமக்குறி ரெக்கார்டின் சமக்குறி, சார். நீங்கள் பலகையில் போட்டது.

இதை அனுப்பும் முன் விரலை வைத்துச் சத்தமாக வாசித்தேன். இரண்டு இடத்தில் நினைத்தது ஒன்று, எழுதியது வேறாக இருந்தது. திருத்தினேன்.