பன்றிக்கு அஞ்சாத நாயின் பயம்

கிளிநொச்சிப் பக்கம் மிருக வைத்தியராக இருக்கிறேன். மாடும் ஆடும்தான் வேலையில் பெரும்பகுதி. ஆனால் என் மனம் அதிகம் போவது நாய்களிடம். யானை வந்தால் முதலில் குரைப்பதும், கச்சான் தோட்டத்தில் இறங்கும் பன்றியை விரட்டுவதும் இங்கே அதுதான். பன்றி வெட்டிய காயத்தோடும், புடையன் பாம்பு தீண்டி வீங்கிய முகத்தோடும் கொண்டுவருவார்கள். அப்படிப்பட்ட நாய் எங்கள் வாசலைக் கண்டதும் வாலைக் காலுக்குள் செருகிக்கொண்டு, நின்ற இடத்திலேயே சலம் விட்டுவிடும்.

"ஊசிக்குப் பயம் டொக்டர்" என்பார்கள். எனக்கு அப்படித் தோன்றவில்லை. வாய்க்கு முன்னால் சாப்பாடு இருந்தால், தோலுக்கடியில் ஊசி போவதைப் பல நாய்கள் கவனிப்பதே இல்லை. பயம் வீட்டுப் படலையிலேயே தொடங்கிவிடுகிறது. வளவுக்குள்ளேயே கட்டிக் கிடந்த நாயை ஒருநாள் திடீரென்று வாயைக் கட்டி, உரப்பைக்குள் போட்டு, மோட்டார் சைக்கிளில் இரண்டு பேருக்கு நடுவில் இறுக்கி, ஏ9 வீதியின் லொறி இரைச்சலுக்குள்ளால் கொண்டுவருகிறார்கள். இறங்கினால் மருந்து மணம், முன்பின் தெரியாத நாய்களின் மணம், வழுக்கும் மேசை. ஊசி வருவது எல்லாவற்றுக்கும் கடைசியில்.

அதனால்தான் ஊசி இல்லாத நாளிலும் கூட்டி வரச் சொல்கிறேன். விசுவமடுவிலிருந்து வரும் ஒரு அம்மாவின் ஜிம்மி, வேறொரு இடத்தில் மருந்து கட்டியவரைக் கடித்திருந்தது. முதலில் வீட்டு ஒழுங்கையில் கயிற்றோடு நடக்கப் பழக்கச் சொன்னேன். அப்புறம் ஓடாமல் நிற்கும் ஓட்டோவில் ஏற்றி அவித்த முட்டை. பிறகு சின்ன ஓட்டம். பிறகு எங்கள் வேப்பமர நிழல். "சும்மா வந்து போறதுக்கும் காசோ தம்பி?" என்றார். "இல்லையம்மா, வாங்கோ." ஜிம்மியின் கண்ணை நேரே பார்க்காமல் பக்கவாட்டில் நிலத்தில் குந்தியிருப்பேன். அதுவாக வந்து மணக்கும்வரை தொடமாட்டேன். ஊசி போட்ட நாளும் மேசை வேண்டாம், தரையில் சாக்கு விரித்தோம். கொஞ்சம் நடுங்கியது, ஆனால் முட்டையை விடவில்லை.

உறுமும் நாயை அடிப்பதைக் கண்டால் என்னால் தாங்க முடிவதில்லை. உறுமல் அதன் எச்சரிக்கை. அதை அடித்து அடக்கினால் அடுத்த முறை உறுமாமலே கடிக்கும். பயத்தில் உடல் வெப்பமும் இதயத்துடிப்பும் ஏறுவதால், அது காய்ச்சலா பயமா என்று பிரித்தறிவதும் எங்களுக்குச் சிரமம். சில நாய்களுக்கு வீட்டிலிருந்து புறப்படும் முன்பே கொடுக்க மாத்திரை எழுதிக் கொடுப்பேன். மனிதர்களின் தூக்க மாத்திரையை நீங்களாகக் கொடுத்துவிடாதீர்கள்.

குட்டி என்றால் வேலை சுலபம். 3 வாரத்திலிருந்து 3 மாதம் வரை பழகுவது அதற்கு ஆழமாகப் பதியும். அந்த வயதில் காதையும் பாதத்தையும் வாயையும் தினமும் மெதுவாகத் தொட்டுப் பழக்கினால் போதும். வீட்டுப் பிள்ளைகள் இதை நம்மைவிட நன்றாகச் செய்கிறார்கள்.

கிராமத்துத் தடுப்பூசி முகாமில் இவ்வளவுக்கும் நேரம் கிடைக்காது. அங்கே கயிற்றை அறுத்துக்கொண்டு ஓடும் நாய் தடுப்பூசி இல்லாமலே போய்விடுகிறது. விசர்நோயின் (ரேபிஸ்) அறிகுறி வந்தபின் நாயைக் காப்பாற்ற மருந்து இல்லை. ஆகவே முகாம் நடக்கவிருக்கும் மைதானத்துக்கு முந்தின வாரமே நாயைக் கூட்டிப்போய் உலாத்தி, ஏதாவது தின்னக் கொடுத்துவிட்டு வாருங்கள் என்று இப்போது வீடுவீடாகச் சொல்லி வருகிறேன்.