கட்டம் போட்ட லுங்கியும் என் தலைசுற்றலும்

பல் துலக்கிக்கொண்டிருந்தேன். வாஷ்பேசின் இடப்பக்கமாக ஓடத் தொடங்கியது. அப்புறம் இரண்டு நாள் கட்டிலை விட்டு எழ முடியவில்லை. கண்ணைத் திறந்தால் வாந்தி. பித்தம் என்று அம்மா சுக்குக் கஷாயம் வைத்தார். முதலில் பார்த்த டாக்டர் கழுத்தெலும்புத் தேய்மானம் என்று காலர் மாட்டிவிட்டார். காது மூக்கு தொண்டை டாக்டர்தான் என் தலையைப் பிடித்துச் சட்டென்று திருப்பிப் பார்த்து, வலது உள்காதின் சமநிலை நரம்பில் அழற்சி என்றார். வெஸ்டிபுலர் நியூரைட்டிஸ்.

சுற்றல் ஒரு வாரத்தில் அடங்கிவிட்டது. நிஜமான தொல்லை அதற்குப் பிறகுதான். ஜவுளிக்கடையில் அடுக்கிவைத்த சேலைகளைப் பார்த்தால் கால் தள்ளாடும். பஸ் கடந்து போனால் நானும் கூடவே நகர்வேன். போனில் விரலால் தள்ளிப் படிக்க முடியாது. அப்பாவின் திதிக்கு ராமேஸ்வரம் போவதாக இருந்ததையும் தள்ளிப்போட்டோம். வெளியே போவதைக் குறைத்தேன், மாத்திரையை விடாமல் விழுங்கினேன். இரண்டுமே தப்பு என்று இரண்டு மாதம் கழித்துத்தான் தெரிந்தது.

பிசியோதெரபிஸ்ட் பெண் விளக்கியது இது. காது, கண், பாதம் மூன்றும் சொல்வதைச் சேர்த்துத்தான் மூளை நிற்கிறது. ஒரு காது கைவிட்டதும் என் மூளை கண்ணையே கட்டிக்கொண்டு தொங்குகிறது. பக்கத்துத் தண்டவாளத்து ரயில் கிளம்பினால் நம் ரயில்தான் கிளம்பிவிட்டது என்று தோன்றுமே, எனக்கு நாள் முழுக்க அதுதான். சுற்றலை அமுக்கும் மாத்திரை முதல் சில நாளுக்குச் சரி. அதையே தொடர்ந்தால் மூளை தன் தப்பைத் திருத்திக்கொள்ளத் தாமதமாகும். டாக்டரிடம் கேட்டு நிறுத்தினேன்.

மூளையைப் பழக்க பிசியோதெரபிஸ்ட் கொடுத்த பயிற்சியில் முதலில் சுவரில் ஒட்டிய ‘அ’. அதைத் தெளிவாகப் பார்த்தபடியே தலையை இடமும் வலமும் ஆட்ட வேண்டும். ஒரு நிமிடம் என்றார். முதல் நாள் 20 விநாடியில் எழுத்து கரைந்துவிட்டது.

மூன்று வாரம் கழித்து, கண் முன்னால் அசைகிற கோடுகள். வீட்டில் இருந்ததில் நல்ல கட்டம் என் கணவரின் லுங்கிதான். நான் நாற்காலியில் உட்கார, அவர் தெருக்கூத்துத் திரை பிடிப்பவர் போல இரண்டு கையிலும் விரித்துக்கொண்டு என் முன்னால் இடமிருந்து வலமாக நடப்பார். “தலை சுத்துதுங்கிற, சுத்த வைக்கிறதையே உக்காந்து பாக்குற” என்று அம்மா தலையில் அடித்துக்கொண்டார். அப்புறம் போனில் கறுப்பு வெள்ளைக் கோடு ஓடும் வீடியோ, பிறகு டிவியில். உட்கார்ந்து, நின்று, பாதம் சேர்த்து நின்று, கடைசியில் தலையணை மேல் நின்று. அப்போது மட்டும் பின்னால் சுவர், பக்கத்தில் ஆள்.

இதில் சூட்சுமம் அளவுதான். சுற்றலுக்கு 0 முதல் 10 வரை மார்க் போடச் சொன்னார் பிசியோதெரபிஸ்ட். பயிற்சி தொடங்கும்போது இருப்பதை விட இரண்டு மூன்று கூடலாம்; நிறுத்தியபின் கால் மணி நேரத்துக்குள் இறங்கிவிட வேண்டும். இறங்காவிட்டால் அடுத்த முறை குறைக்க வேண்டும். கொஞ்சம்கூடச் சுற்றாவிட்டாலும் பயனில்லை, கொஞ்சம் சுற்றினால்தான் மூளை பழகும். அவசரப்பட்டு ஒரு நாள் பத்து நிமிடம் வீடியோ பார்த்தேன், மூன்று நாள் படுக்கை. அதன் பிறகு காலண்டர் தாளில் மார்க் எழுதி வைக்கும் பழக்கம் வந்தது.

ஐந்தாம் மாதம் ராமேஸ்வரம் போனோம். மூன்றாம் பிரகாரத்தில் ஆயிரத்துக்கும் மேற்பட்ட தூண்கள், இரண்டு பக்கமும் நகர்ந்துகொண்டே வருகின்றன. 22 தீர்த்தம் ஆடி வருகிறவர்களால் தரையெல்லாம் ஈரம். பாதியில் மார்க் 5. ஓரமாக உட்கார்ந்து ஒரே ஒரு தூணைப் பார்த்துக்கொண்டிருந்தேன். பத்து நிமிடத்தில் 2. எழுந்து, கணவரின் கையைப் பிடித்துக்கொண்டு மீதியையும் நடந்தேன். நல்லவேளை, அன்று அவர் கட்டியிருந்தது வெள்ளை வேட்டி.