ரெண்டு சுத்து சுத்துனா வேற ஊரு

பென்னாகரம் பக்கம் எங்க ஊர்ல தர்மராஜா கோயில் பாரதம் வச்சா ராத்திரி பூரா கூத்து தான். அதுல துரியோதனன் வேஷம் கட்டுனவரு நான் காட்டுக்குப் போறேன்னு பாட்டுல சொல்லிட்டு மத்தளத்துக்கு கால் போட்டுகிட்டே களத்த ரெண்டு சுத்து சுத்துவாரு, அவ்ளோதான், காடு வந்துரும். எங்கடா மரம்னு ஒருத்தரும் கேக்க மாட்டாங்க, சாக்கு விரிச்சு பாதி தூக்கத்துல கெடக்குற பொடுசுங்க கூட கேக்காது.

இது இப்ப எதுக்குன்னா, ஒரு மாசமா ஹபீப் தன்வீர்னு ஒரு நாடக டைரக்டர் மேல பைத்தியம் புடிச்சு அலையிறேன். 1923ல ராய்ப்பூர்ல பொறந்தவரு. 1954ல டெல்லில ஜாமியா யுனிவர்சிட்டி ஸ்டூடண்ட்ஸையும் ஓக்லா கிராமத்து ஆளுங்களையும் சேத்து 'ஆக்ரா பஜார்'னு நாடகம் போட்டாரு, அடுத்த வருஷம் லண்டன் போயி ராடாங்கற நடிப்பு காலேஜ்ல நாடகம் படிச்சாரு, அப்புறம் பெர்லின் போயி சேந்தா, யார பாக்கணும்னு போனாரோ அந்த ஜெர்மன் நாடகக்காரர் பிரெக்ட் அப்ப தான் செத்துப் போயிருக்காரு. சரின்னு அங்கயே மாசக்கணக்கா தங்கி பிரெக்ட் நாடகங்களா பாத்துட்டு ஊர் திரும்புனாரு.

திரும்பி வந்து 1958ல கையில எடுத்தது சூத்ரகரோட மிருச்சகடிகம், நம்ம பண்டிதமணி கதிரேசச் செட்டியார் 'மண்ணியல் சிறுதேர்'னு தமிழ் பண்ணாரே அதே தான். பத்து அங்கம், ஆனா சமஸ்கிருத நாடகம்னா ராஜா ராணி மட்டும்னு நெனச்சுடாதீங்க, சூதாடி, போலீஸ்காரன், தாசி எல்லாம் வருவாங்க. எனக்குப் புடிச்சது சர்விலகன்னு ஒரு திருடன். சுவத்துல கன்னம் வைக்கிறதுக்கு முன்னாடி ஓட்டைய எந்த ஷேப்ல போடலாம், தாமரை மாதிரியா கும்பம் மாதிரியான்னு நின்னு யோசிப்பான், அளக்குற நூல மறந்துட்டு வந்துட்டதால கழுத்துல கெடக்குற பூணூல எடுத்து அளப்பான். இத எழுதி ஆயிரத்து சொச்சம் வருஷம் இருக்கும், படிச்சா இன்னிக்கும் சிரிப்பு வருது.

இதுல சீன் இங்கயும் அங்கயும் தாவிகிட்டே இருக்கும். செட்டு போட்டு மாத்திகிட்டு இருந்தா விடிஞ்சிரும். தன்வீர் என்ன பண்ணாரு, வட்டமா ஒரு மேடை போட்டாரு, ஆளு அத சுத்தி நடந்தா வேற தெரு. அதுக்கு மேல சத்தீஸ்கர்ல நாச்சான்னு இருக்குற கிராமத்துக் கூத்துல இருந்து ஆறு பேர டெல்லிக்கு கூட்டிட்டு வந்து நடிக்க வச்சாரு. நாடகத்த மாடர்ன் ஆக்குறதுன்னா எல்லாருக்கும் கோட்டு சூட்டு மாட்டிவிட்டு கையில போன் குடுக்குறதுன்னு தான் நான் இவ்ளோ நாளா நெனச்சிருந்தேன்.

ஆனா உடனே எல்லாம் சரியா வரல. லண்டன்ல கத்துகிட்ட மாதிரி இங்க நில்லு, குறுக்கால நட, இந்த வார்த்தைக்கு திரும்புன்னு சொல்லிருக்காரு, அந்த நாச்சா ஆளுங்களுக்கு மேடையில வலது எது இடது எதுன்னே பிரச்சனை. தாகூர் ராம்னு பெரிய நடிகரு, அவரே இந்தி பேசுனா ஒட்டாம நிக்கிறாரு. தப்பு அவங்க கிட்ட இல்ல, என் கிட்ட தான்னு புரிஞ்சிக்க வருஷக்கணக்குல ஆச்சுன்னு தன்வீரே பின்னாடி சொல்லிருக்காரு. 70கள்ல தான் முழுசா விட்டுட்டாரு, உங்க சத்தீஸ்கரி பாஷையிலயே பேசுங்க, உங்களுக்கு தோணுற எடத்துல நில்லுங்கன்னு.

இந்த எடத்துல தான் எனக்கு வயிறு எரிஞ்சுது. காலேஜ்ல செகண்ட் இயர் ஆண்டு விழாவுக்கு ஷேக்ஸ்பியர் நாடகத்த தமிழ்ல போட்டாங்க, ஸ்டேஜ்ல சாக்பீஸ்ல கிராஸ் போட்டு அதுல தான் நிக்கணும், நான் வாயத் தொறந்தாலே சார் "உன் ஊர் பேச்ச வீட்லயே வச்சுட்டு வாடா"ம்பாரு. கடைசில ஈட்டி புடிச்சுகிட்டு நிக்கிற காவலன் வேஷம் தான் குடுத்தாங்க, ஒரு வசனம் கூட கெடையாது.

சரி அத விடுங்க. 1975ல தன்வீர் போட்டது 'சரண்தாஸ் சோர்'. ஒரு திருடன் குரு கிட்ட பொய்யே சொல்ல மாட்டேன்னு சத்தியம் பண்றான். கூடவே, தங்கத் தட்டுல சாப்ட மாட்டேன், யானை மேல ஊர்வலம் போக மாட்டேன், ராணிய கட்டிக்க மாட்டேன், ராஜா ஆக மாட்டேன்னு வெளையாட்டுக்கு அடுக்குறான். நம்மள யாரு கூப்புடப் போறாங்கன்னு தைரியம். ஒவ்வொன்னா எல்லாம் வாசலுக்கே வருது, ஒத்துக்காம உயிர விடுறான். இது 1982ல ஸ்காட்லாந்துல எடின்பரோ நாடக விழாவுக்குப் போயி ஃப்ரிஞ்ச் ஃபர்ஸ்ட்னு விருது வாங்குச்சு.

போன வாரம் எங்க ஊர் கூத்து வாத்தியார் வீட்டுத் திண்ணையில ஒக்காந்து போன்ல அந்த வீடியோவ போட்டுக் காட்டுனேன். வயசு எழுபதுக்கு மேல, முட்டி வலி, இன்னமும் வேஷம் கட்டுறாரு. பாஷை ஒரு வார்த்த புரியாது, நான் தான் நடுநடுவுல கதை சொன்னேன். இந்த டைரக்டரு இப்டி நாடகத்தையே மாத்திட்டாருங்கன்னு நான் பெருசா பேசிகிட்டே இருக்க, அவரு வெத்தலைய மடிச்சுகிட்டே, "இதுல என்னப்பா மாத்துனாரு, நாம ஆடுற மாதிரி தான ஆடுறாங்க"ன்னாரு.

எனக்கு சப்புனு போச்சு. கடைசி சீன்ல ராணி அவன கொல்லச் சொல்றப்ப மட்டும் மனுஷன் வெத்தலைய வாயில போடாம கையிலயே வச்சுகிட்டு பாத்தாரு. "அடப்பாவி, நம்ம அரிச்சந்திரன்டா இவன், திருட்டுப் பயலா பொறந்திருக்கான்"ன்னாரு. அப்புறம் அந்த பாட்ட மறுபடி வையின்னு கேட்டாரு, மூணு தடவ வச்சேன், மூணாவது தடவ தொடையில தாளம் போட்டுகிட்டே பாட்டுக்கு தமிழ் வார்த்த தேட ஆரம்பிச்சுட்டாரு.