தாய்மாமன்மாரும் ஒரு கொள்ளிக்கட்டையும்

சென்ற மாதம் என் தங்கை மகளுக்குக் காது குத்தினோம். பூதப்பாண்டிக்கு அருகில் உள்ள எங்கள் குடும்பக் கோயிலில், தாய்மாமன் என்ற உரிமையில் குழந்தையை நான்தான் மடியில் வைத்திருந்தேன். ஆசாரி காது மடலில் சந்தனப் புள்ளி வைத்துவிட்டுப் பொன் கம்பியை எடுத்ததும், பின்னாலிருந்து ஆச்சி, "தலைய அசைய விட்டுராத மக்கா, மாமன் பிடியிலதான் இருக்கு" என்றார். குழந்தை வீரிட்டு அழுது என் சட்டையை நனைத்த அந்த நேரத்தில், எதனாலோ எனக்குக் கிரேக்கப் புராணத்து மெலியேகரின் மாமன்மார் நினைவுக்கு வந்தார்கள். அன்றிரவு மின்சாரம் போனபோது ஆச்சிக்கு அந்தக் கதையைச் சொன்னேன்.

காலிடோன் நாட்டு அரசன் ஒய்னியஸுக்கும் அரசி அல்தேயாவுக்கும் மெலியேகர் பிறந்த ஏழாம் நாள், விதியை நூற்கும் தேவதைகள் வந்து, அடுப்பில் எரிந்துகொண்டிருந்த ஒரு கட்டையைக் காட்டி, அது எரிந்து தீரும்வரைதான் இவனுக்கு ஆயுள் என்று சொல்லிவிட்டுப் போனார்கள். அல்தேயா அதை வெளியே இழுத்து அணைத்து, ஒரு பெட்டிக்குள் வைத்துப் பூட்டினாள். பிள்ளை வளர்ந்தான். ஒருமுறை அறுவடைப் படையலில் ஒய்னியஸ் எல்லாத் தெய்வங்களையும் நினைத்து, வேட்டைத் தெய்வமான ஆர்டெமிஸை மட்டும் மறந்துபோனான். "சாமிக்குக் கொடை விட்டுப்போச்சுன்னா சும்மா இருக்குமா" என்று ஆச்சி இடைமறித்தார். வில்லுப்பாட்டுக் கேட்டு வளர்ந்தவருக்கு இந்த இடத்தில் விளக்கம் எதுவும் தேவைப்படவில்லை.

ஆர்டெமிஸ் ஒரு கொடிய காட்டுப்பன்றியை ஏவினாள். அதை வேட்டையாட வந்தவர்களில் அட்டலாந்தா என்ற பெண்ணின் அம்புதான் முதலில் தைத்தது. பன்றியைக் கொன்றது மெலியேகர். பரிசாகக் கிடைத்த தோலை அவன் அவளுக்குக் கொடுத்தான். உடனே அவனுடைய தாய்மாமன்மார் பாய்ந்து வந்து அதைப் பிடுங்கிக்கொண்டார்கள். ஆண்கள் இத்தனை பேர் நிற்கப் பெண்ணுக்குப் பரிசா என்பது அவர்களது ஆத்திரம். ஆனால் வாயால் சொன்ன நியாயம் வேறு. மெலியேகர் தனக்கு வேண்டாமென்று விட்டால், உறவு முறைப்படி அந்தத் தோல் எங்களைத்தான் சேரும் என்றார்கள்.

இந்த இடத்தில்தான் ஆச்சி நிமிர்ந்து உட்கார்ந்தார். மாமன் சொத்து சகோதரி மகனான மருமகனுக்கு என்ற மருமக்கள் வழி நாஞ்சில்நாட்டு வேளாளர் குடும்பங்களில் எத்தனை வழக்குகளை வளர்த்தது என்பதைத் தம் அம்மை வாயால் கேட்டு வளர்ந்தவர் அவர். அந்த முறையின் அவலத்தைக் கவிமணி தேசிகவிநாயகம் பிள்ளை மான்மியமாகவே பாடி வைத்தார். 1926-இல் திருவிதாங்கூர் அரசு சட்டம் போட்டு அதை மாற்றியது. "மாமன் முதல் மருமகனுக்கு வரும், சரி. மருமகன் முதல் எப்படி மாமனுக்குப் போகும்?" என்றார் ஆச்சி. காலிடோனில் அப்படிக் கேட்க ஆளில்லை. மெலியேகர் வாளால் பதில் சொன்னான், மாமன்மார் செத்தார்கள்.

அல்தேயா பெட்டியைத் திறந்தாள். உடன்பிறந்தவர்களுக்காகத் தான் பெற்றவனின் உயிரை அடுப்பில் வைத்தாள். கட்டை சாம்பலானபோது அவனும் விழுந்தான். பின்னர் அவளும் தன்னை மாய்த்துக்கொண்டாள். மகன் தாய்க்குக் கொள்ளி வைப்பதுதான் நமக்குத் தெரிந்த ஒழுங்கு. இங்கே தாய் மகனுக்கு, அவன் உயிரோடு இருக்கும்போதே வைக்கிறாள்.

அல்தேயாவின் கூடப்பிறந்தவள்தான் லீடா. ஹெலனுக்கும் கிளிடெம்னெஸ்ட்ராவுக்கும் தாய். பன்றி வேட்டைக்கு வந்திருந்த காஸ்டரும் பாலிடியூசஸும் லீடாவின் மக்கள். ஆங்கிலத்தில் படிக்கும்போது கசின் என்ற ஒரே சொல் இவர்களைத் தூரத்து ஆட்களாக்கிவிடுகிறது. நம் முறைப்படி அவர்கள் மெலியேகருக்கு அண்ணன் தம்பிகள், டிராய்ப் போருக்குக் காரணமானவள் அவனுக்குச் சகோதரி. முறை சொல்லிப் பார்த்தால்தான் இந்தக் கதைகளின் இரத்தம் தெரிகிறது. தீப்ஸ் நாட்டு இளவரசி ஆன்டிகனியை உயிரோடு குகையில் அடைத்த கிரியோன் அவளுக்கு வெறும் அரசன் அல்லன், தாயின் உடன்பிறந்தவன். அவளுக்கு நிச்சயித்திருந்த ஹேமோன் அந்த மாமனின் மகன், அதாவது அசல் முறைமாப்பிள்ளை. தச்சுக்கலை கற்றுக்கொள்ள வந்த தன் சகோதரி மகன், மீன் முள்ளைப் பார்த்து ரம்பத்தைக் கண்டுபிடித்துவிட்டான் என்ற பொறாமையில் அவனை ஏதென்ஸ் கோட்டைமேட்டிலிருந்து தள்ளிவிட்ட கைவினைஞன் டெய்டலஸும் தாய்மாமன்தான். கம்சனுக்கு அங்கேயும் கூட்டாளிகள் உண்டு.

மருமக்கள் வழிக்கு நேர் எதிரான வாதமும் அதே குடும்பத்தில்தான் எழுகிறது. லீடாவின் மகள் கிளிடெம்னெஸ்ட்ரா கணவனைக் கொன்றாள்; மகன் ஒரெஸ்டஸ் அவளைக் கொன்றான். தாய்க்கொலைக்குப் பழிவாங்கும் தேவதைகள் அவனைத் துரத்தின. ஆனால், கணவனைக் கொன்றவளை அவை துரத்தவில்லை. கணவன் இரத்த உறவு இல்லையாம். கி.மு. 458-இல் ஏதென்ஸில் அரங்கேறிய ஈஸ்கிலஸின் நாடகத்தில் இது நீதிமன்றத்துக்கு வருகிறது. ஒரெஸ்டஸுக்காக வாதாடும் அப்பல்லோ தெய்வம், பெற்றவர் என்பது தகப்பன் மட்டுமே, தாய் அந்த வித்தைக் காத்து வளர்க்கும் செவிலி என்று சொல்லி, தாயில்லாமல் தெய்வங்களின் அரசன் சியூஸின் தலையிலிருந்து பிறந்த, வழக்கை விசாரிக்கும் அத்தீனாவையே சாட்சியாகக் காட்டுகிறான். அவளும் தகப்பன் பக்கமே வாக்களிக்க, சமமாகப் பிரிந்த வாக்குகளில் ஒரெஸ்டஸ் விடுதலை பெறுகிறான்.

ஆச்சி சற்று நேரம் பேசவில்லை. மின்சாரம் வந்துவிட்டது, குழந்தை காதைத் தொடாமலிருக்கத் தங்கை அதன் கையைப் பிடித்தபடி தூங்கிப்போயிருந்தாள்.

"அந்தப் பொண்ணுக்கு அம்மை இல்ல, சரி. வக்கீல் பேசுன சாமிக்கும் அம்மை இல்லையா?"

உண்டு என்றேன். பெயர் லீட்டோ. தனக்கு மக்கள் அதிகம், லீட்டோவுக்கு இரண்டே பேர்தான் என்று நையோபி இளப்பமாகப் பேசியதற்காக, அவள் பெற்ற ஆண்மக்களை அம்பெய்து கொன்றவன் இதே அப்பல்லோதான்.