மோனேவுக்குச் சோறு போட்ட வியாபாரி

ஓவிய வியாபாரி என்றாலே அடிமாட்டு விலைக்கு வாங்கிக் கொள்ளை விலைக்கு விற்பவர் என்றுதான் எனக்கு ஒரு நினைப்பு. பாரிஸ் ஓவிய வியாபாரி பால் துரான்-ருயேல் பற்றிப் படித்ததும் அது கொஞ்சம் ஆட்டம் கண்டது. 1870-ல் பிரான்ஸ்-பிரஷ்யா போருக்குத் தப்பி லண்டன் போனவர் அங்கே மோனே, பிசாரோ என்ற இரண்டு ஓவியர்களைச் சந்தித்தார். 1872-ல், ஊரே கேலி செய்து சிரித்துக்கொண்டிருந்த மானே என்ற இன்னொரு ஓவியரின் 23 ஓவியங்களை ஒரே மூச்சில் வாங்கிப் போட்டார். அதோடு விடாமல் ஓவியர்களுக்கு முன்பணமும் கொடுத்துவந்தார், அவர்கள் வரைவது தன்னிடமே வரட்டும் என்ற கணக்கில்தான் (தர்மம் ஒன்றும் இல்லை, சரியா). 1882-ல் அவருக்குப் பணம் தந்துவந்த யூனியன் ஜெனரால் வங்கி கவிழ்ந்தது, இவரும் கிட்டத்தட்ட கவிழ்ந்தார். அப்புறம் 1886-ல் சுமார் 300 ஓவியங்களை நியூயார்க்குக்குக் கொண்டுபோனார். பாரிஸ்காரர்கள் கேலி செய்ததை அமெரிக்கர்கள் காசு கொடுத்து வாங்கினார்கள்.